நோயாளிக்கு வயிற்றுக் குழாய்: எப்போது தேவை, ஏன் தேவை?

நோயுற்றோரைச் சந்திக்க வீடுகளுக்கும் மருத்துவமனைகளுக்கும் செல்லும்போது நாம் அடிக்கடி எதிர்கொள்ளும் கேள்வி ஒன்று உண்டு. "சாமி, அப்பாவுக்கு வயித்துல ஓட்டை போட்டு டியூப் வைக்கணும்னு டாக்டர் சொல்றாரு. வைக்கலாமா?" இதே கேள்வி வேறு சில வீடுகளில் இப்படி வரும்: "வேண்டாம்னு சொல்லிட்டோம் சாமி. பட்டினி போட்ட பாவம் நமக்கு வந்துடுமா?"

முதல் கேள்வி மருத்துவருக்கு உரியது, இரண்டாவது குருவானவருக்கு உரியது என்று எளிதாகப் பிரித்துவிட முடியாது. இந்தக் குழாய் எதற்காக வைக்கப்படுகிறது, யாருக்கு உதவும், யாருக்கு உதவாது என்பது தெரியாமல் மனச்சான்று சரியான முடிவுக்கு வர இயலாது. எனவே மருத்துவச் செய்திகளை முதலில் பார்த்துவிட்டு, பிறகு திருச்சபையின் போதனைக்கு வருவோம்.

விழுங்குவதில் வரும் சிக்கல்

ஒரு வாய் சோற்றை விழுங்குவது நமக்குச் சிறு செயலாகத் தோன்றுகிறது. ஆனால் அந்த ஒரு நொடியில் நாக்கு உணவைப் பின்னே தள்ள வேண்டும், குரல்வளை மேலே எழும்ப வேண்டும், மூச்சுக்குழலின் வாசல் மூடிக்கொள்ள வேண்டும், உணவுக்குழலின் வாசல் திறக்க வேண்டும். மூளையிலிருந்து வரும் பல நரம்புகள் ஒன்றுசேர்ந்து இதை நடத்துகின்றன. இந்த ஒழுங்கு சற்றுத் தவறினால் நமக்குப் புரை ஏறுகிறது. யாரோ நினைக்கிறார்கள் என்று நம் வீடுகளில் சொல்லித் தலையில் தட்டுவார்கள். உண்மையில் அது, மூச்சுக்குழலுக்குள் நுழையப் பார்த்த உணவை உடல் இருமி வெளியே தள்ளும் பாதுகாப்பு.

பக்கவாதம் வந்தவர்களில் பலருக்கு இந்தப் பாதுகாப்பே பழுதாகிவிடுகிறது. சிலருக்கு உணவோ நீரோ நுரையீரலுக்குள் இறங்கும்போது இருமல்கூட வருவதில்லை. பார்ப்பவர்கள், "நல்லாத்தான் கஞ்சி குடிச்சாரு" என்பார்கள். இரண்டு நாளில் காய்ச்சலும் மூச்சுத்திணறலும் வந்து, நிமோனியா என்று மருத்துவமனையில் சேர்க்க வேண்டியிருக்கும். ஆகையால், பக்கவாதம் வந்தவருக்கு விழுங்கும் திறனை மருத்துவரோ பயிற்சி பெற்ற செவிலியரோ சோதித்துப் பார்க்கும்வரை, அன்பின் மிகுதியால் காப்பியோ இளநீரோ வாயில் ஊற்றக் கூடாது.

மூக்கு வழியும் வயிற்று வழியும்

விழுங்க முடியாதவருக்கு முதலில் வைக்கப்படுவது பெரும்பாலும் மூக்கு வழியாக இரைப்பைக்குச் செல்லும் மெல்லிய குழாய். நம் மருத்துவமனைகளில் எல்லாரும் இதை ரைல்ஸ் டியூப் என்றே சொல்கிறார்கள். ஜான் ரைல் என்ற ஆங்கிலேய மருத்துவரின் பெயரால் வந்த சொல் அது. படுக்கையருகிலேயே சில நிமிடங்களில் வைத்துவிடலாம், அறுவை தேவையில்லை. சில நாட்களுக்கோ சில வாரங்களுக்கோ இது போதும். நாட்கள் நீளும்போதுதான் தொல்லைகள் தலைகாட்டும். மூக்கும் தொண்டையும் புண்ணாகும். குழாய் அடிக்கடி அடைத்துக்கொள்ளும். நோயாளி தன்னையறியாமல் அதைப் பிடுங்கிவிடுவார். பிடுங்காதிருக்கக் கைகளைக் கட்டிலோடு கட்டி வைக்கும் காட்சியையும் பார்க்கிறோம். பிடுங்கிய குழாயை வீட்டில் உள்ளவர்களே மறுபடி செருகிவிடுவது மிகவும் ஆபத்தானது. அது மூச்சுக்குழலுக்குள் போயிருந்தால் ஊற்றும் கஞ்சி நேரே நுரையீரலுக்குள் போகும்.

குழாய் வழியாக உணவு தர வேண்டிய காலம் நான்கு முதல் ஆறு வாரங்களுக்கு மேல் நீளும் என்று தெரிந்தால், மருத்துவர்கள் வயிற்றுக் குழாயைப் பற்றிப் பேசத் தொடங்குவார்கள். மருத்துவமனையில் இதைப் 'பெக்' என்பார்கள். வயிற்றைப் பெரிதாக அறுத்துச் செய்யும் அறுவை அல்ல இது. நோயாளிக்கு மயக்கம் தரும் மருந்து கொடுத்து, எண்டோஸ்கோப் கருவியை வாய் வழியாக இரைப்பைக்குள் இறக்குவார்கள். அதன் விளக்கொளி வயிற்றுத் தோலுக்கு வெளியே தெரியும் இடத்தில் சிறு துளையிட்டு, அதன் வழியே நூலொன்றை உள்ளே விட்டு, அதைப் பிடித்துக் குழாயை உரிய இடத்துக்கு இழுத்துக் கொண்டுவருவார்கள். உள்ளே ஒரு தடுப்பும் வெளியே ஒரு வட்டத் தகடும் அதை நகராமல் பிடித்துக்கொள்ளும். பெரும்பாலும் அரை மணி நேரத்துக்குள் முடிந்துவிடும்.

இந்த முறை பிறந்தது அமெரிக்காவின் கிளீவ்லாந்து நகரில், 1979ஆம் ஆண்டில். குழந்தைகள் அறுவை மருத்துவர் மைக்கேல் காடரரும், எண்டோஸ்கோப்பி வல்லுநர் ஜெஃப்ரி பொன்ஸ்கியும் இதை வகுத்தார்கள். முதலில் இதைப் பெற்றது சில மாதங்களே ஆன ஒரு கைக்குழந்தை. அறுவையின் சுமையைத் தாங்க முடியாத குழந்தைகளுக்காகக் கண்டறியப்பட்ட ஒன்று, இன்று பெரும்பாலும் முதியோருக்குப் பயன்படுகிறது.

யாருக்கு உதவும்?

குணமடைய வாய்ப்புள்ளவர்களுக்கும், குணமடையாவிட்டாலும் உணவை ஏற்கும் உடல் உள்ளவர்களுக்கும் இது பெரிய உதவி. பக்கவாதத்தால் விழுங்கும் திறனை இழந்தவர், விபத்தில் தலையில் அடிபட்டு நீண்ட நாள் நினைவின்றிக் கிடப்பவர், மூளை முடக்குவாதத்தோடு பிறந்து எடை ஏறாமல் வாடும் குழந்தை, பார்கின்சன் நோயின் கடின நிலையில் இருப்பவர் ஆகியோரை இங்கே சொல்லலாம். வாய், தொண்டைப் புற்றுநோயாளிகளையும் சேர்க்க வேண்டும். புகையிலையும் பான்பராக்கும் நம் நாட்டில் இந்நோயைப் பெருக்கிவிட்டன. கதிர்வீச்சுச் சிகிச்சையின்போது தொண்டை வெந்து, எச்சில்கூட விழுங்க முடியாமல் போகும். அந்த வாரங்களில் உடல் மெலியாமல் இருந்தால்தான் சிகிச்சையை நடுவில் நிறுத்தாமல் முடிக்க முடியும். அதற்காகச் சிலருக்கு முன்கூட்டியே வயிற்றுக் குழாய் வைத்துவிடுகிறார்கள்.

இயக்க நரம்பணு நோய் கண்டவர்களுக்கு ஒரு தனிக் குறிப்பு தேவை. இந்நோயில் அறிவு பெரும்பாலும் தெளிவாகவே இருக்கும், தசைகள் ஒவ்வொன்றாக ஓய்ந்துபோகும். மூச்சுத் திறன் பாதிக்குக் கீழே குறைந்துவிட்டால் குழாய் வைப்பதிலேயே ஆபத்து கூடிவிடும். எனவே "இன்னும் கொஞ்சம் சாப்பிடுறாரே, பிறகு பார்க்கலாம்" என்று தள்ளிப்போடாமல், அவரே தம் வாயால் முடிவு சொல்லக்கூடிய காலத்தில் அவரிடமே கேட்க வேண்டும். நம் குடும்பங்களில் நோயாளியைத் தவிர மற்ற எல்லாரிடமும் கலந்துபேசுவது வழக்கமாகிவிட்டது. அது சரியல்ல.

"டியூப் போட்டாச்சுன்னா கதை முடிஞ்சது" என்ற பேச்சு ஊரில் உண்டு. அது உண்மையல்ல. பக்கவாதம் வந்தவர்களில் பலருக்கு வாரங்களிலோ மாதங்களிலோ விழுங்கும் திறன் திரும்புகிறது. திரும்பியபின் குழாயை எடுத்துவிட்டால் துளை தானாகவே மூடிக்கொள்ளும். மருத்துவர் அனுமதித்தால் குழாய் இருக்கும்போதே சிறிது வாய்வழியாகவும் சுவைக்கலாம். குழாய் சட்டைக்குள் மறைந்துவிடுவதால் ஞாயிறு திருப்பலிக்கு வருவதற்கும் தடையில்லை. அதே நேரம், அவசரமும் கூடாது. பக்கவாத நோயாளிகளிடம் நடத்தப்பட்டு 2005இல் வெளியான ஒரு பெரிய பன்னாட்டு ஆய்வில், தொடக்க வாரங்களிலேயே வயிற்றுக் குழாய் வைப்பது மூக்குக் குழாயைவிட நல்ல பலனைத் தரவில்லை. முதல் சில வாரங்கள் மூக்குக் குழாயோடு காத்திருந்து பார்ப்பதே பொதுவாக நல்லது.

வயிற்றில் நீர் கட்டியிருப்பவர், இரத்தம் உறையாத கோளாறு உள்ளவர், குடலில் அடைப்பு உள்ளவர் போன்றோருக்கு இம்முறை பொருந்தாமல் போகலாம். இரத்தத்தை நீர்க்கச் செய்யும் மாத்திரை எடுப்பவர்கள் அதை மருத்துவரிடம் முன்பே சொல்லிவிட வேண்டும்.

வீட்டில் பராமரிப்பு

மருத்துவமனையில் அரை மணி நேரத்தில் வைத்த குழாயை மாதக்கணக்கில் பேணப்போவது வீட்டில் உள்ள மனைவியோ மகளோ மருமகளோதான். வைப்பதற்கு முன்பே அவரை உட்காரவைத்துச் சொல்லித் தருவது மருத்துவமனையின் கடமை. கேட்டுப் பெறுவது நம் உரிமை.

உணவு தரும்போது தலைப்பக்கத்தை 30 முதல் 45 பாகை அளவுக்கு உயர்த்தி வைக்க வேண்டும். கொடுத்த பிறகும் ஒரு மணி நேரமாவது அப்படியே இருக்கட்டும். படுத்த நிலையில் கொடுத்தால் உணவு மேலேறி நுரையீரலுக்குள் போய்விடும். ராகிக் கஞ்சி, பருப்புத் தண்ணீர், பால், மோர் போன்ற வீட்டு உணவை நன்றாக அரைத்து வடிகட்டித் தரலாம். ஆனால் எவ்வளவு, என்னென்ன என்பதை உணவியல் வல்லுநரிடம் கேட்டு எழுதி வாங்கிக்கொள்ள வேண்டும். வெறும் கஞ்சித் தண்ணீரை மட்டும் ஊற்றிக்கொண்டிருந்தால் வயிறு நிரம்பும், உடம்பு தேறாது. உணவுக்கு முன்னும் பின்னும் ஏறத்தாழ 30 மில்லி சுத்தமான நீர் விட்டால் குழாய் அடைக்காது. மாத்திரைகளைத் தனித்தனியே பொடித்துக் கரைத்துக் கொடுக்க வேண்டும். மெதுவாகக் கரையும்படி செய்யப்பட்ட மாத்திரைகளைப் பொடிக்கவே கூடாது. துளையைச் சுற்றி நாள்தோறும் சோப்பும் நீரும் கொண்டு துடைத்து உலர்த்த வேண்டும். சிவந்து வீங்கினாலோ, சீழ் வந்தாலோ, கடுமையான வயிற்றுவலி வந்தாலோ உடனே மருத்துவரிடம் காட்ட வேண்டும்.

குழாய் கழன்று விழுந்துவிட்டால்? வைத்த முதல் சில வாரங்களில் இது அவசர நிலை. துளையின் பாதை உறுதிப்படாத அந்தக் காலத்தில் வீட்டில் மறுபடி செருக முயன்றால் குழாய் இரைப்பைக்கு வெளியே போய்விடக்கூடும். அதன் பின்னரும்கூட, சில மணி நேரத்திலேயே துளை சுருங்கத் தொடங்கிவிடும் என்பதால் காலை விடியட்டும் என்று காத்திராமல் புறப்பட வேண்டும்.

பலரும் மறப்பது வாயை. வாயால் உண்ணாதவருக்கும் பல் துலக்கிவிட வேண்டும், நாக்கைத் துடைத்துவிட வேண்டும். அசுத்தமான எச்சில் நுரையீரலுக்குள் இறங்கினாலும் நிமோனியா வரும். அதை வயிற்றுக் குழாய் தடுக்காது.

குழாய் உதவாத நிலை

மறதிநோய் முற்றி, பெற்ற பிள்ளைகளையே அடையாளம் தெரியாமல், பேச்சு ஓய்ந்து, படுக்கையோடு படுக்கையாகிவிட்ட முதியவர் உணவை மறுக்கத் தொடங்குகிறார். இந்த நிலையில் குழாய் வைத்தால் ஆயுள் நீளும், நிமோனியா வராது, படுக்கைப் புண் ஆறும் என்று எதிர்பார்க்கிறோம். ஆய்வுகளில் இவை எதுவும் உறுதிப்படவில்லை. அமெரிக்க முதியோர் மருத்துவச் சங்கம் 2014இல் வெளியிட்ட நிலைப்பாட்டில், முற்றிய மறதிநோய்க்குக் குழாய் உணவைப் பரிந்துரைக்கவில்லை. பக்கத்தில் உட்கார்ந்து, நேரம் எடுத்து, சிறிது சிறிதாகக் கையால் ஊட்டுவதையே பரிந்துரைத்தது. ஒரு நேர உணவுக்கு முக்கால் மணி நேரம் ஆகலாம். அவர் நான்கு கரண்டியோடு வாயை மூடிக்கொண்டால் அன்றைக்கு அது போதும். இந்த உழைப்பு கடினமானது. குழாய் வைப்பது சில வேளைகளில் நோயாளிக்கு அல்ல, நமக்கே வசதி என்பதையும் ஒளிக்காமல் சொல்லிவிடுவோம்.

இறக்கும் தறுவாயில் உள்ளவரின் நிலை வேறு. அந்தக் கடைசி நாட்களில் உடல் உணவைக் கேட்பதில்லை. குடல் ஓய்ந்துவிட்ட உடலுக்குள் உணவைச் செலுத்தினால் வயிறு உப்பும், வாந்தி வரும், மூச்சு இன்னும் சிரமப்படும். அவர் உண்ணாததால் இறக்கவில்லை, இறந்துகொண்டிருப்பதால் உண்ணவில்லை. இதைப் பிள்ளைகளுக்கு எடுத்துச் சொல்ல மருத்துவருக்கு நேரமில்லாவிட்டால் பங்கில் உள்ள நாம்தான் சொல்ல வேண்டும். உறவினர் ஒவ்வொருவராக வந்து வாயில் பால் ஊற்றும் வழக்கத்தையும் இங்கே கனிவோடு தடுக்க வேண்டியிருக்கிறது. அது அவருக்கு மூச்சடைப்பைத்தான் தரும். நனைத்த பஞ்சால் உதட்டைத் துடைத்துவிடலாம். அதுவும் கடைசிப் பணிவிடைதான்.

திருச்சபை சொல்வது

பசித்தவருக்கு உணவு தந்ததா, தாகமாயிருந்தவருக்குத் தண்ணீர் தந்ததா என்று இறுதித் தீர்ப்பில் கேட்கப்படும் என்பதை மத்தேயு நற்செய்தியின் 25ஆம் அதிகாரத்தில் அறிந்திருக்கிறோம். திருச்சபை இந்தக் கேள்வியை அணுகுவதும் அங்கிருந்துதான்.

1957 நவம்பரில் மயக்க மருந்தியல் வல்லுநர்களிடம் பேசிய திருத்தந்தை 12ஆம் பயஸ், உயிரைக் காக்க இயல்பான வழிகளைப் பயன்படுத்த நாம் கடமைப்பட்டவர்கள் என்றும், தனக்கோ பிறருக்கோ மிகுந்த சுமையாகும் வழிகளுக்கு அந்தக் கடமை இல்லை என்றும் தெளிவுபடுத்தினார். 1980 மே மாதம் விசுவாசக் கோட்பாட்டுப் பேராயம் வெளியிட்ட கருணைக்கொலை பற்றிய அறிக்கையும் இதையே விரித்துரைத்தது. பலனுக்குப் பொருந்தாத சிகிச்சையை மறுப்பது தற்கொலை ஆகாது என்றும், குடும்பத்தின் மீது அளவுமீறிய செலவைச் சுமத்த விரும்பாததும் ஏற்கத்தக்க காரணமாகலாம் என்றும் அது சொன்னது.

அப்படியானால் குழாய் வழியே தரும் உணவு சிகிச்சையா, உணவா? இதற்குத் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் 2004 மார்ச் 20 அன்று பதில் தந்தார். நினைவு திரும்பாத நிலையில் நீண்ட காலம் இருப்பவர்களுக்கு உணவும் நீரும் குழாய் வழியாகத் தரப்பட்டாலும் அது அடிப்படைப் பராமரிப்பே. ஊட்டம் தருதல், துன்பம் தணித்தல் என்னும் தன் நோக்கத்தை அது நிறைவேற்றும் காலமெல்லாம் அதைத் தருவது கொள்கையளவில் கடமை என்றார். அதை "நிறைவேற்றும் காலமெல்லாம்" என்ற நிபந்தனையை வாசகர்கள் கவனிக்க வேண்டும். மேலே மருத்துவத்துக்கு இவ்வளவு இடம் தந்ததன் காரணம் அதுதான்.

அடுத்த ஆண்டே இந்தப் போதனை உலகின் கண்முன் வந்து நின்றது. அமெரிக்காவின் ஃப்ளோரிடா மாநிலத்தில் டெர்ரி ஷயவோ என்ற பெண் 1990இல் மயங்கி விழுந்து மூளை பாதிக்கப்பட்டு, வயிற்றுக் குழாய் வழியே உணவு பெற்று வாழ்ந்துவந்தார். குழாயை எடுக்க வேண்டும் என்று கணவரும், கூடாது என்று பெற்றோரும் ஆண்டுக்கணக்கில் வழக்காடினர். நீதிமன்ற ஆணைப்படி 2005 மார்ச் 18 அன்று குழாய் அகற்றப்பட்டது. மார்ச் 31 அன்று அவர் இறந்தார். அதற்கு முந்தைய நாள்தான், நோயால் விழுங்க முடியாதிருந்த திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுலுக்கு மூக்குக் குழாய் வழியாக உணவு தரப்படுவதாக வத்திக்கான் அறிவித்திருந்தது. ஏப்ரல் 2 அன்று அவரும் இறைவனடி சேர்ந்தார். ஷயவோ இறந்துகொண்டிருந்தவர் அல்ல. அவருடைய உடல் 15 ஆண்டுகளாக உணவை ஏற்று வாழ்ந்தது. உணவும் நீரும் நிறுத்தப்பட்டதாலேயே அவர் இறந்தார். அதனால்தான் திருச்சபை அதைத் தவறு என்றது.

நம் நாட்டிலும் ஒரு சான்று உண்டு. மும்பை கே.இ.எம். மருத்துவமனையில் செவிலியராகப் பணியாற்றிய அருணா ஷான்பாக், 1973இல் கொடிய தாக்குதலுக்கு ஆளாகி நினைவிழந்தார். அவருக்கு உணவு தருவதை நிறுத்தக் கோரிய மனுவை உச்ச நீதிமன்றம் 2011இல் ஏற்கவில்லை. 2015இல் நிமோனியாவால் அவர் இறக்கும்வரை ஏறத்தாழ 42 ஆண்டுகள் அதே மருத்துவமனைச் செவிலியர்கள், தலைமுறை மாறி மாறி, அவரைக் குளிப்பாட்டி உணவு தந்து காத்தார்கள். அவர்களில் பலரும் அவர் நலமாயிருந்த நாட்களில் அவரைப் பார்த்தறியாதவர்கள்.

2007 ஆகஸ்டில், திருத்தந்தை 16ஆம் பெனடிக்ட் ஒப்புதலோடு விசுவாசக் கோட்பாட்டுப் பேராயம் அமெரிக்க ஆயர்களுக்குத் தந்த பதில் இந்தக் கடமையை உறுதிசெய்தது. அதன் விளக்கக் குறிப்பு விதிவிலக்குகளையும் சொன்னது. உடல் உணவை ஏற்க முடியாத நிலை, குழாயே மிகுந்த துன்பமாகிவிடும் அரிய நிலை, தொலைதூர இடத்திலோ கடும் வறுமையிலோ அதைத் தர வழியே இல்லாத நிலை ஆகியவை அவை. இயலாததைச் செய்ய எவரும் கடமைப்பட்டவர் அல்லர். 2020இல் வெளியான 'நல்ல சமாரியர்' என்ற மடலும், உடல் ஏற்காத நிலையில் குழாய் உணவை நிறுத்துவது மரணத்தை விரைவுபடுத்துவது ஆகாது என்கிறது.

ஆக, வேண்டாம் என்று முடிவெடுத்த வீட்டாரிடம் நாம் கேட்பது இதுதான்: எதற்காக வேண்டாம் என்றீர்கள்? உடலுக்கு இனி அது பயன்படாது, துன்பத்தைத்தான் கூட்டும் என்று மருத்துவர் சொன்னதாலா? அப்படியானால் மனம் நொந்து பாவசங்கீர்த்தனத் தொட்டிக்கு வர வேண்டியதில்லை. "இப்படி வாழ்வதைவிடப் போய்விட்டால் நல்லது" என்பதாலா? அப்படியானால் முடிவை மாற்ற இன்னும் நேரம் இருக்கிறதா என்று மருத்துவரிடம் உடனே கேளுங்கள். பணம் இல்லாததாலா? அப்படியானால் வின்சென்ட் தே பவுல் சபையாரிடமும் பங்கிலும் சொல்லுங்கள். அரசு மருத்துவமனையிலும் விசாரிப்போம்.

நற்கருணையும் நோயில்பூசுதலும்

குழாய் வைத்தவர் இனி நற்கருணை வாங்க முடியாது என்று எண்ணிப் பல வீடுகளில் நமக்குச் சொல்லாமலே விட்டுவிடுகிறார்கள். சிறிது விழுங்க முடிபவருக்கு அப்பத்தின் மிகச் சிறு துண்டைத் தரலாம். அதுவும் முடியாதவருக்கு, தேவையின் பொருட்டு, திருஇரத்தத்தை மட்டும் தரத் திருச்சபைச் சட்டம் 925 இடமளிக்கிறது. நாக்கில் ஒரு சொட்டு போதும், மருத்துவரிடம் கேட்டுவிட்டுச் செய்வோம். குழாயில் உணவு கொடுத்து ஒரு மணி நேரம் ஆகவில்லையே என்ற தயக்கமும் வேண்டாம். நோயாளிகளுக்கும் அவர்களைப் பராமரிப்பவர்களுக்கும் அந்த நேரக் கட்டுப்பாடு இல்லை என்று சட்டம் 919 சொல்கிறது. நோயில்பூசுதலைக் கடைசி மூச்சு வரை தள்ளிப்போடாமல், குழாய் வைக்க நாள் குறித்தவுடனே தெரிவித்தால், நோயாளி தெளிவாக இருக்கும்போதே வந்து, ஒப்புரவு அருளடையாளத்தையும் சேர்த்து நிறைவேற்ற முடியும். திருஇரத்தம் தேவைப்படுவோர் ஒருநாள் முன்னதாகச் சொல்லிவிட்டால், காலைத் திருப்பலி முடிந்ததும் அதற்கான சிறு கலத்தில் எடுத்து வருவோம்.